வெள்ளுடை வேந்தர் சர் பிட்டி தியாகராயர்

சென்னைக்குச் செல்லும் வெளிமாநிலத் தமிழ்க் குடும்பங்களுள் தியாகராய நகருக்குச் செல்லாமல் திரும்புவன மிகச் சில. மகளின் திருமணத்துக்குப் பட்டெடுக்கவும், பேரனின் காதணி விழாவுக்கு நகை வாங்கவும் அங்கேதான் போகிறோம். பனகல் பூங்காவின் ஓரத்தில் இறங்குகிறோம்; உஸ்மான் சாலையில் நெரிசலோடு நெரிசலாக நடக்கிறோம்; களைத்துப் போனால் நடேசன் பூங்காவில் சற்றே அமர்கிறோம். டாக்டர் நாயர் சாலை, தணிகாசலம் சாலை, கோபதி நாராயணசாமி செட்டி சாலை என்று வழி கேட்டு வழி சொல்கிறோம். இப்பெயர்களை எல்லாம் சேர்த்து வாசித்தால் நீதிக்கட்சி என்ற ஓர் அரசியல் இயக்கத்தின் பெயர்ப்பட்டியலே நம் காலடியில் கிடப்பது தெரியும். மாம்பலத்து ஏரிப் பகுதியில் 1920-களில் எழுந்த அந்தப் புதுக்குடியிருப்புக்கு அவ்வியக்கத்தின் தலைவர் பெயரையே சூட்டினர். நாளடைவில் தியாகராய நகர் 'தி. நகர்' ஆயிற்று, பெயர் ஓர் எழுத்தாகச் சுருங்கிய பின் அந்த எழுத்துக்குரியவரை நினைப்பார் யார்?

அவரைப் பற்றிய பேச்சு எழும்போதெல்லாம் நீதிக்கட்சியைத் தோற்றுவித்தவர் என்று கூறி முடித்துவிடுகின்றனர். அது உண்மையே. ஆயினும் அவர் கட்சித் தலைவராக இருந்தது ஒன்பது ஆண்டுகளுக்கும் குறைவு. சென்னை நகரசபையில் இருந்ததோ ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள். அவர் வாழ்வின் பொருள் அந்த நாற்பது ஆண்டுகளில்தான் இருக்கிறது என்பது இக்கட்டுரையாளனின் கருத்து. சொந்த மண்ணை விட்டு வேற்று நகரங்களில் வேரூன்றி வாழும் நம் போன்றோருக்கு அந்தப் பகுதியே நெருக்கமானதும் ஆகும். ஏனெனில் தியாகராயரும் ஒரு வகையில் குடிபெயர்ந்த மரபில் வந்தவரே.

1852-ஆம் ஆண்டு ஏப்ரல் 27-ஆம் நாள் பிறந்த தியாகராயர் தேவாங்கர் குலத்தினர். வீட்டில் தெலுங்கு பேசும் நெசவாளர் மரபு அது. பெயரின் முன்னுள்ள 'பிட்டி' என்பது தெலுங்கு வழக்கப்படி முன்னே நிற்கும் வீட்டுப் பெயர். கிழக்கிந்தியக் கம்பெனி துணி வாணிகத்துக்காகவே கோட்டை கட்டிக் குடியேறிய ஊர் சென்னை. துணியை நெய்வோரும், சாயம் தோய்ப்போரும், வெளுப்போரும் வடசென்னையில் வந்து குடியமர்ந்தனர். அவர்களுள் தமிழரும் இருந்தனர், தெலுங்கரும் இருந்தனர். வண்ணாரப்பேட்டை என்ற பெயரே துணி வெளுத்த காலத்தின் நினைவுதான். இன்றும் பழைய வண்ணாரப்பேட்டையின் எம்.சி. ரோட்டில் துணிக்கடைகள் நெருங்கி நிற்பதைக் காணலாம்.

அம்மரபில் வந்த இளைஞர் சென்னை மாநிலக் கல்லூரியில் படித்து 1876-இல் பி.ஏ. பட்டம் பெற்றார். அந்நாளில் பட்டம் பெற்றவருக்கு முன் இரண்டு வழிகள் திறந்திருந்தன: ஒன்று அரசாங்க உத்தியோகம், மற்றொன்று வக்கீல் தொழில். தியாகராயர் இரண்டையும் நாடவில்லை. தறிக்கே திரும்பினார். படித்தவன் குலத்தொழிலுக்குத் திரும்புவதை இழிவாக எண்ணிய காலத்தில் இது சிறிய செயலன்று.

திரும்பியவர் பாட்டனார் நெய்தபடியே நெய்து கொண்டிருக்கவும் இல்லை. பழைய குழித்தறியில் நெசவாளி ஒரு கையால் நாடாவைப் பாவினூடே எறிந்து மறு கையால் பிடிக்க வேண்டும், துணியின் அகலம் கைகளின் வீச்சுக்கு உட்பட்டது, வேகமும் அவ்வாறே. கயிற்றைச் சுண்டி இழுத்தால் நாடா தானே ஓடிப் பாய்ந்து மறுபுறம் சேரும் 'ஃபிளை ஷட்டில்' முறை வந்தபோது ஒருவன் நெய்யும் அளவு ஏறத்தாழ இருமடங்காயிற்று. நெசவாளர் பலர் இதனை ஐயத்தோடு பார்த்தனர். நூல் அறுந்துபோகும் என்றனர். பழகிய கை மாறாது என்றனர். தியாகராயர் தம் நெசவாலையில் அத்தறிகளை அமைத்து நடத்திக் காட்டினார். அங்கு நெய்த கைக்குட்டைகள் 'பிட்டி' என்னும் வீட்டுப் பெயரோடே விலை போயின.

'மெட்ராஸ் கைக்குட்டை' என்பதைச் சட்டைப்பையில் வைக்கும் சிறு துண்டு என்று எண்ணிவிடலாகாது. கட்டம் போட்ட, சாயம் அழுத்தமான, ஏறத்தாழ ஒரு கெஜம் சதுரமான துணி அது. சோழமண்டலக் கரையில் நெய்யப்பட்டு, இலண்டன் வணிகர் வழியாக மேற்கு ஆப்பிரிக்காவுக்குச் சென்றது. நைஜீரியாவின் கலாபாரி மக்கள் அதற்கு 'இஞ்சிரி' என்று பெயரிட்டுப் பிறப்பு, திருமணம், இறப்பு ஆகிய சடங்குகளில் எல்லாம் பயன்படுத்தினர். நம் நெசவாளி கண்டறியாத ஒரு நாட்டில் அவன் நெய்த துணியில்லாமல் ஒரு பிணம் இடுகாடு செல்லவில்லை! இத்தகைய வாணிகத்தில் விலையை நிர்ணயிப்பவர் யார், கப்பல் யாருடையது, கடன் தருபவர் யார் என்ற கேள்விகள் ஒரு வணிகனை அரசியலுக்கு இழுத்து வருதல் இயல்பே.

சென்னையில் வணிகர் சங்கம் இல்லாமல் இல்லை. 1836-இலேயே ஐரோப்பிய வணிகர் தமக்கென ஒன்றை அமைத்துக் கொண்டிருந்தனர். 1906-இல் ஆர்பத்நாட் என்ற ஆங்கிலேய நிறுவனம் திவாலாகி, நம்பிப் பணம் போட்ட ஆயிரக்கணக்கான இந்தியக் குடும்பங்கள் நடுத்தெருவுக்கு வந்தன. ஆங்கிலேயன் கடை என்றால் ஆட்டங் காணாது என்ற நம்பிக்கை அன்றோடு போயிற்று. அடுத்த ஆண்டே இந்தியன் வங்கி தோன்றியது. 1909-இல் இந்திய வணிகர்க்கெனத் தென்னிந்திய வர்த்தக சங்கம் தோன்றியது. அதனை நிறுவியோருள் ஒருவர் தியாகராயர். 1910 முதல் 1921 வரை அதன் தலைவரும் அவரே.

இவையெல்லாம் ஒருபுறம் நிற்க, அவர் நாள்தோறும் உழைத்த களம் நகரசபையே ஆகும். 1882-இல் முப்பது வயதில் உறுப்பினராக உள்ளே சென்றார். அக்காலத்து நகரசபைத் தலைவர் அரசாங்கம் நியமிக்கும் அதிகாரி. உறுப்பினர்கள் கேள்வி கேட்கலாம். முடிவு பெரும்பாலும் அதிகாரியின் கையில் இருக்கும். செங்குன்றம் ஏரித் தண்ணீர் வடசென்னைச் சந்துகளுக்கு வருகிறதா, சாக்கடை எங்கே தேங்குகிறது, காலரா எந்தத் தெருவில் தொடங்கியது, வரிப்பணம் எந்தப் பேட்டையில் செலவாகிறது என்பன போன்ற செய்திகளே அங்கு நடந்த விவாதங்கள். காவியம் பாட இதில் ஏதுமில்லை. கைதட்டலும் கிடையாது. ஆனால் ஒரு நகரத்தில் வாழும் எளியவனின் ஆயுள் இவற்றைப் பொறுத்தே நீள்கிறது அல்லது குறுகுகிறது. அந்த அவையில் தலைநரைக்கும் வரை இருந்தார் தியாகராயர். வெள்ளைத் தலைப்பாகையும் வெள்ளை அங்கியுமாகவே எங்கும் காட்சி தந்ததால் 'வெள்ளுடை வேந்தர்' என்று மக்கள் அழைத்தனர்.

அந்த அவையிலேயே அவருக்கு ஓர் எதிரியும் வாய்த்தார். டாக்டர் டி. எம். நாயர் மருத்துவர், கூர்மையான பேச்சாளர், மேனாட்டில் பயின்றவர். தியாகராயரோ நெற்றியில் சமயச் சின்னமும் மனத்தில் தெய்வ பக்தியும் கொண்ட பழைய மரபினர். நகரசபையில் இருவரும் எதிரெதிர் நின்றனர். இந்த இருவரும் கைகோப்பர் என்று யாரும் நினைத்திருக்க முடியாது. கைகோக்கச் செய்த பெருமை டாக்டர் சி. நடேச முதலியாருக்கு உரியது. வெளியூரிலிருந்து சென்னைக்குப் படிக்க வந்து, தங்க இடமும் உண்ண உணவும் கிடைக்காது அலைந்த பிராமணரல்லாத மாணவர்களுக்காகத் திருவல்லிக்கேணியில் திராவிடர் இல்லம் என்ற விடுதியை நடத்தியவர் அவர்.

நீதிக்கட்சி பிறந்த கதையை மேடைகளில் சொல்லும்போது ஒரு நிகழ்ச்சியை விரும்பிச் சொல்வதுண்டு. ஒரு கோயில் குடமுழுக்குக்குத் தியாகராயர் பெருந்தொகை நன்கொடை தந்தார் என்றும், விழாவன்று மேடையில் அவருக்கு இடம் தரப்படவில்லை என்றும், அந்த அவமானத்திலிருந்தே இயக்கம் பிறந்தது என்றும் கூறுவர். கேட்கச் சுவையான கதைதான். ஆயினும் ஒருவரின் ஒருநாள் மனவருத்தம் ஒரு மாகாணத்தையே அசைத்த இயக்கத்தைப் பெற்றெடுத்துவிடாது. அதற்கு வலுவான காரணங்கள் வேறு இருந்தன.

அக்காரணங்களுள் தலையாயது எண்ணிக்கை. 1913-இல் அரசுப் பணிகள் குறித்த ஆணையத்தின் முன் அலெக்சாண்டர் கார்டியூ என்ற அதிகாரி சாட்சியம் அளித்தார். மாகாணத்தின் மாவட்ட முனிசீப்புகள் 128 பேரில் 93 பேர் பிராமணர் என்றும், ஏனைய இந்துக்கள் 25 பேர் மட்டுமே என்றும் அவர் புள்ளிவிவரம் காட்டினார். மக்கள்தொகையிலோ பிராமணர் நூற்றுக்கு மூவரைச் சற்றே கடந்தவர். இம்மலரைப் படிப்போரில் எல்லா மரபினரும் உள்ளனர். எவர் மனத்தையும் புண்படுத்த இதனைக் கூறவில்லை. ஆங்கிலக் கல்வியை முதலில் பற்றிக்கொண்டவர் முதலில் பதவி பெற்றனர் என்பது ஒருபுறம் உண்மை. பின்தங்கியவர் காத்திருக்கட்டும் என்று சொல்லி விடலாகாது என்பது மறுபுறம் உண்மை. இரண்டாம் உண்மையைத்தான் தியாகராயர் பேசினார். தேர்தல் அனுபவமும் அவரை உறுத்தியது. நாயர் டெல்லி மேலவைத் தேர்தலில் வி. எஸ். ஸ்ரீநிவாச சாஸ்திரியிடம் தோற்றார்; தியாகராயரும் தோல்வியைச் சுவைத்தார்.

1916 நவம்பர் 20-ஆம் நாள் வேப்பேரியில் எத்திராஜ முதலியார் இல்லத்தில் முப்பது பேர் அளவில் கூடினர். அரசியலுக்கென ஒரு சங்கமும், பத்திரிகை நடத்துவதற்கெனப் பங்குத் தொகை திரட்டி ஒரு கம்பெனியும் அமைப்பதென்று முடிவாயிற்று. சங்கத்தின் பெயர் தென்னிந்திய நல உரிமைச் சங்கம். பத்திரிகைக்குக் கம்பெனி தொடங்கியதில் வணிகரின் கை தெரிகிறது. உணர்ச்சியை மட்டும் மூலதனமாகக் கொண்டு நடந்த ஏடுகள் எத்தனை நாள் நின்றன என்பதை அவர் அறிவார். டிசம்பரில் தியாகராயர் கையொப்பமிட்ட 'பிராமணரல்லாதார் அறிக்கை' வெளிவந்தது. கார்டியூவின் எண்கள் அதில் இடம்பெற்றன. 1917 பிப்ரவரி 26 அன்று நாயரை ஆசிரியராகக் கொண்டு 'ஜஸ்டிஸ்' என்ற ஆங்கில நாளேடு தொடங்கியது. அந்த ஏட்டின் பெயரே மக்கள் வாயில் கட்சியின் பெயராகி, தமிழில் நீதிக்கட்சி என்றாயிற்று. தமிழில் 'திராவிடன்' வெளிவந்தது.

அறிக்கை அன்னி பெசண்ட் அம்மையாரின் சுயாட்சிக் கிளர்ச்சியை ஏற்கவில்லை. சமூகத்தில் சமநிலை ஏற்படும் முன் அதிகாரம் கைமாறினால் அது ஒரு சிலரிடமே போய்ச் சேரும் என்ற அச்சம் அதற்குக் காரணம். இதனால் கட்சி வெள்ளையர்க்கு வால் பிடிக்கிறது என்ற பழியைச் சுமந்தது. அச்சத்துக்கு அடிப்படை இருந்தது. அன்னிய ஆட்சியின் நிழலில் ஒதுங்கியதற்குத் தந்த விலையும் பெரிது. நாடு முழுதும் விடுதலை என்று முழங்கிய காலத்தில் வரம்பிட்டுப் பேசிய கட்சியின் குரல் இளைஞர்களின் நெஞ்சில் ஏறவில்லை. தியாகராயர் இதை உணர்ந்திருந்தாரா என்று நமக்கு எழும் ஐயம் எளிதில் நீங்குவதன்று.

சீர்திருத்தச் சட்டம் வரும் முன்னரே, 1919 ஜூலை 17 அன்று, சாட்சியம் அளிக்கச் சென்றிருந்த நாயர் இலண்டனில் காலமானார். கட்சியின் முழுச்சுமையும் அறுபத்தேழு வயது முதியவரின் தோளில் வந்து விழுந்தது. 1920 நவம்பரில் இரட்டையாட்சியின் கீழ் முதல் தேர்தல் நடைபெற்றது. ஒத்துழையாமை காரணமாகக் காங்கிரஸ் விலகி நின்றது. வாக்குரிமை பெற்ற சிலரிலும் நால்வரில் ஒருவரே வாக்களித்தனர். தேர்ந்தெடுக்கப்படும் 98 இடங்களில் 63-ஐ நீதிக்கட்சி பெற்றது.

கவர்னர் வெலிங்டன் பிரபு, கட்சித் தலைவர் என்ற முறையில் தியாகராயரை மந்திரிசபை அமைக்க அழைத்தார். அவர் மறுத்தார். கடலூர் சுப்பராயலு ரெட்டியாரைக் காட்டினார். அவர் டிசம்பர் 17-இல் முதல் மந்திரியானார். உடல்நலம் குன்றி அவர் விலகியபின் 1921 ஜூலையில் பனகல் அரசர் அப்பதவிக்கு வந்தார்.

இந்த மறுப்பைத் தியாகம் என்று போற்றுவது வழக்கம். தியாகம்தான், ஆனால் பதவியே வேண்டாம் என்று துறவு பூண்டவர் அல்லர் தியாகராயர். அதே 1920-ஆம் ஆண்டில் சென்னை நகரசபைத் தலைவர் நாற்காலியில் அவர் அமர்ந்தார். 1919-ஆம் ஆண்டின் புதிய நகரசபைச் சட்டம் அதிகாரியைக் கமிஷனராக ஒதுக்கிவைத்து, உறுப்பினர் தேர்ந்தெடுக்கும் தலைவரை அமர வழி செய்தது. அவ்வாறு வந்த முதல் தலைவர் அவர். ஆக அவர் முன்னே இரண்டு நாற்காலிகள் இருந்தன. ஒன்று மாகாணம் முழுவதற்கும் உரியது, புகழ் மிக்கது. ஆனால் நிதியும் போலீசும் நிலவரியும் கவர்னரின் நிர்வாக சபையிடம் இருக்க, கல்வி, சுகாதாரம், தல சுயாட்சி போன்ற இலாகாக்களை மட்டும் பணமின்றி நிர்வகிக்க வேண்டியது. மற்றொன்று ஒரு நகரத்துக்கு மட்டுமே உரியது. ஆனால் வரியும் செலவும் அந்த அவைக்குள்ளேயே முடிவாவது. சந்து சந்தாக அவர் அறிந்தது. கணக்குத் தெரிந்த வணிகர் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தார் என்றே எனக்குத் தோன்றுகிறது.

தேர்ந்தெடுத்ததன் பயன் விரைவிலேயே தெரிந்தது. 1920 செப்டம்பரில் நகரசபை ஒரு தீர்மானத்தை ஏற்றது. ஆயிரம் விளக்குப் பகுதியில் உள்ள நகரசபைப் பள்ளிக்கு வரும் பிள்ளைகள் மிக ஏழைகள். பசியால் பள்ளிக்கு வருவதே குறைகிறது. ஆகவே அவர்களுக்கு நண்பகலில் உணவு தரலாம் என்பது செய்தி. ஒரு மாணவனுக்கு ஒரு நாளுக்கு ஓரணாவுக்கு மேற்படாமல் செலவு செய்யலாம் என்று வரம்பும் விதித்தனர். ரூபாய்க்குப் பதினாறு அணா. எனவே ஒரு ரூபாயில் பதினாறு வயிறுகள். பின்னர் மேலும் நான்கு பள்ளிகளுக்கு இது விரிந்தது. 1922-23-இல் அந்த ஐந்து பள்ளிகளிலும் சேர்ந்து 811 மாணவர் இருந்தனர். 1924-25-இல் 1,671 பேர் ஆயினர். இரண்டே ஆண்டுகளில் இருமடங்கு! கட்டாயக் கல்விச் சட்டம் பேசி, கல்வியின் உயர்வைப் பேசி, பெற்றோரைக் கடிந்து பேசி நடவாதது ஒரு வேளைச் சோற்றால் நடந்தது. வரம்பு முழுதும் செலவானாலும் 1,671 பேருக்கு நாளொன்றுக்கு ஏறத்தாழ 104 ரூபாய்தான் ஆகும்.

வழிபாட்டு மனநிலையில் எழுதும்போது நிழலை மறைத்துவிடுவது நம் மலர்க் கட்டுரைகளின் பழக்கம். தியாகராயரின் தலைமையில் இரண்டு நிழல்கள் உண்டு. 1921-இல் பெரம்பூர் பின்னி ஆலைகளில் நடந்த நீண்ட வேலைநிறுத்தத்தின்போது, வேலைக்குத் திரும்பிய ஆதிதிராவிடத் தொழிலாளர்க்கும் மற்றத் தொழிலாளர்க்கும் பகை மூண்டது. புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன. துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் மாண்டன. அப்போது கட்சியின் ஏடான 'ஜஸ்டிஸ்', தொழிலாளர் இலாகா ஆதிதிராவிடர்களுக்கு அளவு மீறிச் சலுகை காட்டியதும் ஒரு காரணம் என்று எழுதியது. நூறு பேரில் மூவர் எல்லாப் பதவியையும் பெறுகின்றனர் என்று எண்ணிக்கை காட்டி நியாயம் கேட்டவர்கள், தம்மினும் கீழே தள்ளப்பட்டவர் சிறிது பெறும்போது சலுகை என்றனர். எம். சி. ராஜா 1923-இல் கட்சியை விட்டு வெளியேறினார். அவர் போனது கட்சிக்குப் பேரிழப்பு. அதை விடப் பெரிது அவர் போனதற்கான காரணம்.

மற்றொன்று மொழி பற்றியது. சுப்பராயலு ரெட்டியார் விலகிய பின் மந்திரிகள் மூவரும் தெலுங்கு நாட்டினராக அமைந்தனர். தமிழ் மாவட்டங்களில் முணுமுணுப்பு எழுந்தது. 1923 தேர்தலில் கட்சியின் பலம் குறைந்தபின் டி. என். சிவஞானம் பிள்ளை மந்திரிசபையில் சேர்க்கப்பட்டார். ஆயினும் அவ்வாண்டு நவம்பரில் சி. ஆர். ரெட்டி கொண்டுவந்த நம்பிக்கையில்லாத் தீர்மானம் 44 வாக்குக்கு எதிராக 65 வாக்குகளால்தான் வீழ்ந்தது. வீட்டில் தெலுங்கும் வீதியில் தமிழும் பேசி வளர்ந்த தியாகராயருக்கு இந்தப் பூசல் விளங்காத ஒன்றாக இருந்திருக்கலாம். பெங்களூரிலும் மும்பையிலும் தில்லியிலும் வாழ்ந்து, அண்டை வீட்டாரின் மொழியைத் தம் பிள்ளைகள் தம்மினும் நன்றாகப் பேசக் கேட்கும் நமக்கு, அவர் நிலை ஓரளவு விளங்கும். சென்னை நகரம் அவரை நீ தமிழனா தெலுங்கனா என்று கேட்டதில்லை. கேட்க வேண்டிய தேவை வராதபடி நாற்பது ஆண்டு அதன் தண்ணீர்க் குழாய்க்கும் பள்ளிக்கூடத்துக்கும் உழைத்திருந்தார்.

அரசு அவருக்கு 'சர்' பட்டம் தந்தது. வர்த்தக சங்கத் தலைமையிலிருந்தும் நகரசபையிலிருந்தும் முதுமையால் விலகினார். கட்சித் தலைமை மட்டும் இறுதிவரை அவரிடமே இருந்தது. 1925-இல், எழுபத்து மூன்று வயதில், மறைந்தார். ரிப்பன் மாளிகையில் அவர் சிலை நிற்கிறது. பழைய வண்ணாரப்பேட்டையில் அவர் பெயரால் ஒரு கல்லூரி நடக்கிறது. கட்சி 1926-இல் தோற்று, 1930-இல் வென்று, 1937-இல் அடியோடு சரிந்தது. 1938-இல் பெரியாரைத் தலைவராக ஏற்று, 1944-இல் சேலத்தில் திராவிடர் கழகம் என்று பெயர் மாறியது. இவ்வரலாறு பலரும் எழுதியது.

பலரும் எழுதாத ஒன்று உண்டு. தியாகராயர் மறைந்த அதே 1925-ஆம் ஆண்டில், ஏப்ரல் முதல் நாள், பள்ளி உணவும் நின்றது. அச்செலவைத் தொடக்கக் கல்வி நிதியில் எழுத அரசு இசையவில்லை. அப்போது கல்வி இலாகாவின் மந்திரி யார்? நீதிக்கட்சியின் ஏ. பி. பாத்ரோ. மாகாணத்தை ஆண்டதும் நீதிக்கட்சியே. கட்சியின் தலைவர் நகரசபையில் ஏற்றிய அடுப்பைக் கட்சியின் மந்திரிசபையால் காக்க முடியவில்லை. நிதி இலாகா வெள்ளையர் கையில் இருந்தது என்பது சமாதானம் ஆகலாம். ஆயினும் 104 ரூபாய்க்காகவா என்று கேட்கத் தோன்றுகிறது. 1920-இல் மந்திரி நாற்காலியை அவர் மறுத்தது சரியா என்ற கேள்வியையும் இது வேறு வகையில் எழுப்புகிறது. நகரசபையில் இருந்ததால்தான் தொடங்க முடிந்தது. கோட்டையில் இல்லாததால்தான் நின்றுபோயிற்றோ என்றும் கூறலாம் அல்லவா? இரு பக்கமும் வாதிட இடமிருக்கிறது.

நகரசபை விட்டுவிடவில்லை. 1927-இல் 25 பள்ளிகளில் ஆயிரம் ஏழைப் பிள்ளைகளுக்கு மீண்டும் உணவு தர ஏற்பாடாயிற்று. அதன்பின் 1956-இல் காமராசர் அத்திட்டத்தை மாநிலத்தின் கிராமங்களுக்கெல்லாம் கொண்டு சென்றார், 1982-இல் எம். ஜி. ஆர். சத்துணவுத் திட்டமாக விரித்தார். 2022-இல் தமிழ்நாட்டில் காலை உணவும் சேர்ந்தது. சமைத்த உணவை எல்லா மாநிலத்துத் தொடக்கப் பள்ளிகளிலும் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2001 நவம்பர் 28-இல் ஆணையிட்டது. நாம் குடியேறி வாழும் இம்மாநிலங்களின் நகராட்சிப் பள்ளிகளில், தமிழ்க் கூலித் தொழிலாளரின் பிள்ளைகளும் பிற மொழிப் பிள்ளைகளும் நண்பகல் மணி அடித்ததும் தட்டேந்தி வரிசையில் நிற்பது அந்த ஆணையின் படியே.